'வாரிசு வேலை' உரிமையா? கருணை அடிப்படையிலான பணி நியமனத்தில் சட்டம் கூறுவது என்ன?

புதுடெல்லி: அரசுப் பணியில் இருக்கும்போதே ஒருவர் இறந்துவிட்டால் அவரது மனைவிக்கோ, மகனுக்கோ, மகளுக்கோ அரசு வேலை கிடைத்துவிடும் என்ற நம்பிக்கை நாடு முழுவதும் பரவலாக உள்ளது. பேச்சுவழக்கில் இதற்கு 'வாரிசு வேலை' என்றே பெயர் நிலைத்துவிட்டது. ஆனால், அரசின் விதிகளிலும் நீதிமன்றத் தீர்ப்புகளிலும் இதன் பெயர் 'கருணை அடிப்படையிலான பணி நியமனம்'. இந்த இரு பெயர்களுக்கும் இடையே உள்ள வேறுபாட்டை அறியாததால், விண்ணப்பிக்க வேண்டிய காலத்தில் விண்ணப்பிக்காமல் வாய்ப்பை இழக்கும் குடும்பங்களும், பல ஆண்டுகள் வழக்கு நடத்தியும் தோல்வியடையும் குடும்பங்களும் உள்ளன.

கருணை அடிப்படையில் யாருக்கு வேலை வழங்கலாம், எந்தப் பணியிடத்தில் வழங்கலாம், எவ்வளவு காலத்துக்குள் கோர வேண்டும், எப்போது மறுக்கலாம் என்பன குறித்து மத்திய அரசின் விதிகளும் உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளும் கூறுவதை இத்தொகுப்பில் காணலாம்.

அரசியல் சாசனம் அனுமதிக்கும் விதிவிலக்கு

அரசு வேலைவாய்ப்பில் அனைத்துக் குடிமக்களுக்கும் சமவாய்ப்பு அளிக்கப்பட வேண்டும் என்கிறது அரசியல் சாசனத்தின் 16-ஆவது பிரிவு. மதம், சாதி, பாலினம் ஆகியவற்றுடன் வம்சாவளியின் அடிப்படையிலும் பாகுபாடு காட்டக்கூடாது என்று அதன் 2-ஆவது உட்பிரிவு தெளிவுபடுத்துகிறது. அதாவது, தந்தை அரசு ஊழியர் என்பதாலேயே மகனுக்கு அரசு வேலையில் முன்னுரிமை கோர முடியாது.

அப்படியானால், போட்டித் தேர்வு எதுவும் இன்றி இறந்த ஊழியரின் குடும்பத்தினருக்கு வேலை வழங்குவது எப்படிச் செல்லும் என்ற கேள்வி எழுகிறது. இதற்கான விடையை ஹரியானா அரசு தொடர்பான வழக்கில் 1994-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் அளித்தது. சம்பாதித்துவந்த ஒரே நபரை இழந்து, அடுத்த வேளைக்கு வழியின்றி நிற்கும் குடும்பம் அந்தத் திடீர் நெருக்கடியைக் கடப்பதற்கு உதவுவதே இந்த நியமனத்தின் ஒரே நோக்கம் என்று நீதிமன்றம் வரையறுத்தது. இறந்தவர் வகித்த பதவியை அவரது குடும்பத்துக்கு வழங்குவது இதன் நோக்கமல்ல என்றும் கூறியது.

இந்த விளக்கத்திலிருந்தே பிற விதிகள் அனைத்தும் பிறக்கின்றன. நெருக்கடிதான் காரணம் என்பதால், நெருக்கடி இல்லாத குடும்பத்துக்கு இந்த நியமனம் பொருந்தாது. உடனடித் துயர் துடைப்புதான் நோக்கம் என்பதால், நீண்ட காலம் கழித்துக் கோர முடியாது. சமவாய்ப்புக்கு விதிவிலக்கு என்பதால், கடைநிலைப் பணியிடங்களுக்கு மட்டுமே பொருந்தும். அதிலும் குறிப்பிட்ட அளவைத் தாண்டக்கூடாது.

முன்னதாக 1989-ஆம் ஆண்டு வழங்கப்பட்ட ஒரு தீர்ப்பில், கருணை நியமனத்தைத் தாமதப்படுத்தக்கூடாது என்றும், காலியிடம் இல்லையெனில் கூடுதல் பணியிடத்தை உருவாக்கியாவது வேலை வழங்க வேண்டும் என்றும் உச்ச நீதிமன்றம் கூறியிருந்தது. 1994-க்குப் பிறகு இந்த அணுகுமுறை மாறியது. காலியிடம் இல்லாதபோது நியமனம் வழங்குமாறு நிர்வாகத்துக்கு உத்தரவிட முடியாது என்று 1996-ஆம் ஆண்டுத் தீர்ப்புகள் தெளிவுபடுத்தின.

மத்திய அரசுப் பணியில் யார் கோரலாம்?

மத்திய அரசின் பணியாளர் மற்றும் பயிற்சித் துறை 1998 அக்டோபர் 9-ஆம் தேதி இதற்கான திட்டத்தை வெளியிட்டது. பின்னர் வெளியான திருத்தங்களை உள்ளடக்கிய தொகுப்புக் குறிப்பாணைகள் 2013 ஜனவரியிலும் 2022 ஆகஸ்டிலும் வெளியிடப்பட்டன.

இதன்படி, பணிக்காலத்தில் இறந்த ஊழியரின் கணவன் அல்லது மனைவி, மகன், மகள் ஆகியோர் விண்ணப்பிக்கலாம். தத்தெடுக்கப்பட்ட மகனும் மகளும் இதில் அடங்குவர். இறந்தவர் திருமணமாகாதவர் எனில், அவரது சகோதரரோ சகோதரியோ கோரலாம். ஆனால், எந்த உறவினராக இருந்தாலும் ஊழியர் இறந்த நேரத்தில் முழுமையாக அவரைச் சார்ந்து வாழ்ந்திருக்க வேண்டும் என்பதே அடிப்படை நிபந்தனை.

ஊழியர் இறந்த நிகழ்வுகளுக்கு மட்டுமன்றி வேறு இரு சூழல்களுக்கும் இத்திட்டம் பொருந்தும். மருத்துவக் காரணங்களால் 55 வயதுக்கு முன்பே பணி ஓய்வு அளிக்கப்பட்டவரின் குடும்பம் விண்ணப்பிக்கலாம். முந்தைய 'குரூப் டி' ஊழியர்களுக்கு இந்த வயது 57. காணாமல் போன ஊழியரின் குடும்பமும், காவல் துறையில் முதல் தகவல் அறிக்கை பதிவாகி, காணாமல் போன நாளிலிருந்து 2 ஆண்டுகள் முடிந்த பிறகு கோரலாம். எனினும், காணாமல் போனபோது ஓய்வு பெற 2 ஆண்டுகளுக்கும் குறைவாக இருந்தவர்கள், முறைகேடு செய்துவிட்டுத் தலைமறைவானதாகச் சந்தேகிக்கப்படுபவர்கள் ஆகியோரின் குடும்பங்களுக்கு இது பொருந்தாது.

எந்தப் பணியிடம், எத்தனை இடங்கள்?

மத்திய அரசில் 'குரூப் சி' பணியிடங்களில் மட்டுமே கருணை நியமனம் வழங்கப்படும். இறந்தவர் உயர் அதிகாரியாக இருந்தாலும் அவரது குடும்பத்தினருக்கு இந்த நிலையிலேயே வேலை கிடைக்கும். அதுவும், ஓர் ஆண்டில் நேரடி நியமனத்துக்கான 'குரூப் சி' காலியிடங்களில் 5 சதவீதத்துக்கு மேல் போகக்கூடாது.

இந்த 5 சதவீத வரம்பின் விளைவை ஓர் உதாரணத்தால் புரிந்துகொள்ளலாம். ஒரு துறையில் ஓராண்டில் 100 நேரடி நியமனக் காலியிடங்கள் இருந்தால், 5 பேருக்கு மட்டுமே கருணை நியமனம் வழங்க முடியும். தகுதியுள்ள 12 குடும்பங்கள் விண்ணப்பித்திருந்தால், 7 குடும்பங்களுக்கு அந்த ஆண்டில் வேலை கிடைக்காது. எனவே, தகுதி இருப்பது மட்டும் போதாது. மற்ற விண்ணப்பதாரர்களைவிட அதிக நெருக்கடியில் இருப்பதும் தேவையாகிறது.

ஓர் ஆண்டில் வாய்ப்பு கிடைக்காதவர்களின் விண்ணப்பம் 3 ஆண்டுகளுடன் முடித்துவைக்கப்படும் என்ற விதி 2003-இல் கொண்டுவரப்பட்டது. அந்தக் கால வரம்பு 2012 ஜூலை 26-ஆம் தேதி திரும்பப் பெறப்பட்டது. ஆகவே, உண்மையிலேயே வறிய நிலையில் உள்ள குடும்பத்தின் விண்ணப்பத்தை அடுத்தடுத்த ஆண்டுகளிலும் பரிசீலிக்க முடியும்.

நியமனம் பெறுபவருக்குப் பணியாளர் தேர்வாணையத்தின் தேர்வு போன்ற வழக்கமான நடைமுறைகளிலிருந்து விலக்கு உண்டு. அதிகபட்ச வயது வரம்பையும் தளர்த்தலாம். ஆனால், 18 வயது என்ற குறைந்தபட்ச வரம்பை எந்நிலையிலும் தளர்த்த முடியாது. விண்ணப்பிக்கும் நாளைக் கொண்டே வயது கணக்கிடப்படும்.

கல்வித் தகுதி இல்லாத கைம்பெண்களுக்கு முக்கியமான சலுகை ஒன்று உள்ளது. பன்முகப் பணியாளர் பணியிடத்துக்கு மட்டும், பணியில் இருந்தபடியே பயிற்சி பெற்று வேலையைச் செய்ய முடியும் என நியமன அதிகாரி கருதினால், கல்வித் தகுதியை வலியுறுத்தாமல் அவர்களை நியமிக்கலாம். பின்னாளில் மறுமணம் செய்துகொண்டாலும் அவர்கள் பணியில் தொடரலாம்.

வறுமை எப்படி அளவிடப்படுகிறது?

விண்ணப்பங்களை 3 அதிகாரிகள் கொண்ட குழு பரிசீலிக்கிறது. குடும்பத்தின் சொத்து, கடன், வருமானம், சார்ந்திருப்போரின் எண்ணிக்கை, குழந்தைகளின் வயது, குடும்பத்தின் இன்றியமையாத தேவைகள் ஆகியவற்றை இக்குழு மதிப்பிடும். தேவைப்பட்டால் விண்ணப்பதாரரை நேரில் அழைத்தும் விசாரிக்கலாம். குழுவின் பரிந்துரை மீது உரிய அதிகாரி முடிவெடுப்பார்.

குடும்பத்தில் வேறொருவர் சம்பாதித்தால் விண்ணப்பம் தானாகவே நிராகரிக்கப்படும் என்பது சரியல்ல. சம்பாதிப்பவரின் வருமானம் எவ்வளவு, அவர் குடும்பத்துடன் வசிக்கிறாரா, குடும்பத்துக்கு அவர் ஆதரவாக இருக்கிறாரா என்பவற்றை ஆராய்ந்து, துறைச் செயலாளரின் முன் ஒப்புதலுடன் வேலை வழங்க வழி உண்டு.

குடும்ப ஓய்வூதியமும் பணிக்கொடையும் கிடைத்திருப்பதைக் காரணம் காட்டி வேலையை மறுக்கலாமா என்பது அடிக்கடி எழும் கேள்வி. இவற்றைக் காரணமாக்கி மறுக்க முடியாது என்று 2005-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் கூறியது. ஆனால், பொதுத்துறை வங்கிகள் தொடர்பான 2004-ஆம் ஆண்டு வழக்குகளில், அந்தப் பலன்களையும் கணக்கில் கொள்ள வேண்டும் என வங்கியின் திட்டமே கூறும்போது அவ்வாறு செய்வது சரியே எனத் தீர்ப்பளிக்கப்பட்டது. ஆகவே, சம்பந்தப்பட்ட நிறுவனத்தின் திட்டத்தில் என்ன எழுதப்பட்டுள்ளது என்பதே முக்கியம்.

இங்கு ஒரு வேறுபாட்டை நினைவில் கொள்ள வேண்டும். குடும்ப ஓய்வூதியமும் பணிக்கொடையும் இறந்தவரின் பணிக்காலத்துக்கு ஈடாகக் குடும்பத்துக்குச் சேர வேண்டிய உரிமைகள். கருணை நியமனமோ பரிசீலனை கோரும் வாய்ப்பு மட்டுமே. வேலை கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் முதலில் கூறிய இரண்டும் வழங்கப்பட்டாக வேண்டும்.

காலதாமதமே பெரும் தடை

நீதிமன்றங்களில் கருணை நியமனக் கோரிக்கைகள் தோற்பதற்கு முக்கியக் காரணம் காலதாமதம். தந்தை இறக்கும்போது பிள்ளை சிறுவயதாக இருந்தால், 18 வயது நிரம்பும்வரை காத்திருந்து வேலை கோரலாம் என்று பல குடும்பங்கள் நினைக்கின்றன. இந்த எண்ணத்துக்குச் சட்டத்தில் போதிய ஆதரவு இல்லை.

ஹரியானாவில் காவலராகப் பணியாற்றிய ஒருவர் 1997-ஆம் ஆண்டு பணியின்போது உயிரிழந்தார். அப்போது அவரது மகனுக்கு வயது 7. வயது வந்த பிறகு, 2008-ஆம் ஆண்டு மகன் வேலை கோரினார். இவ்வளவு காலம் கடந்த பிறகு எழும் கோரிக்கையை ஏற்க முடியாது என 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. விதிக்கு மாறாக வேறு சிலருக்கு வேலை வழங்கப்பட்டிருந்தாலும் அந்தத் தவற்றை முன்னுதாரணமாகக் காட்டிச் சலுகை கோர முடியாது என்றும் கூறியது. எனினும், ஒரே தவணையிலான கருணைத் தொகை கோரி அரசிடம் முறையிட அவரது தாய்க்கு நீதிமன்றம் அனுமதி அளித்தது.

தாமதம் நிர்வாகத்தால் ஏற்பட்டால்கூட நிலைமை சிக்கலாகிறது. மேற்கு வங்க நகராட்சி ஊழியர்களின் குடும்பத்தினர் தொடர்ந்த வழக்கில் 2023 மார்ச்சில் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், பல ஆண்டுகள் கடந்துவிட்ட நிலையில் உடனடி உதவி என்ற அடிப்படையே மறைந்துவிடுகிறது என்று கூறி நியமனக் கோரிக்கையை ஏற்க மறுத்தது.

மத்திய அரசின் விதிகளில் விண்ணப்பிப்பதற்குத் திட்டவட்டமான இறுதி நாள் இல்லை. ஆனால், ஊழியர் இறந்து 5 ஆண்டுகள் அல்லது அதற்கு மேல் கடந்திருந்தால், அத்தனை ஆண்டுகளாகக் குடும்பம் எப்படியோ சமாளித்துள்ளது என்பதால் கூடுதல் கவனத்துடன் பரிசீலிக்க வேண்டும் என்றும், துறைச் செயலாளர் நிலையிலேயே முடிவெடுக்க வேண்டும் என்றும் விதிகள் கூறுகின்றன.

மாநிலங்களில் இந்தக் காலவரம்பு வேறுபடுகிறது. உத்தரப் பிரதேசத்தின் 1974-ஆம் ஆண்டு விதிகள் 5 ஆண்டுகள் அவகாசம் அளிக்கின்றன. கர்நாடகத்தின் 1996-ஆம் ஆண்டு விதிகளின்படி ஓர் ஆண்டுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். தமிழ்நாட்டில் 2023-ஆம் ஆண்டு விதிகள் 3 ஆண்டுகள் அவகாசம் அளிக்கின்றன. ரயில்வே, பொதுத்துறை வங்கிகள், நிலக்கரி நிறுவனங்கள் ஆகியவை தங்களுக்கெனத் தனி விதிகளையும் ஒப்பந்தங்களையும் கொண்டுள்ளன.

திருமணமான மகளுக்கு உரிமை உண்டா?

திருமணமான மகளைக் குடும்பத்திலிருந்து விலக்கும் மாநில விதிகள் தொடர்ந்து நீதிமன்றங்களில் எதிர்க்கப்பட்டுவந்தன. மகன் திருமணமானவரா என்று கேட்காத விதி, மகளிடம் மட்டும் அதைக் கேட்பது பாகுபாடு என 2015-ஆம் ஆண்டு அலகாபாத் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கர்நாடக உயர் நீதிமன்றமும் 2020-இல் இதே நிலைப்பாட்டை எடுத்தது. இரு மாநிலங்களும் 2021-இல் விதிகளைத் திருத்தி, திருமணமான மகள்களையும் சேர்த்தன.

மத்திய அரசுப் பணியில், இறந்த ஊழியரை முழுமையாகச் சார்ந்திருந்த திருமணமான மகள், குடும்பத்தின் பிற உறுப்பினர்களைப் பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையுடன் பரிசீலிக்கப்படலாம். திருமணமான மகன் தொடர்பாகவும் 2015 பிப்ரவரியில் தெளிவுரை வெளியானது. பிற தகுதிகள் இருந்தால் அவரும் பரிசீலிக்கப்படலாம்.

எனினும், தடை நீங்கியதாலேயே வேலை உறுதியாகிவிடாது. சார்ந்திருத்தல் என்ற நிபந்தனை மகன், மகள் இருவருக்கும் பொது. 2022 செப்டம்பரில் மகாராஷ்டிர வழக்கில், திருமணமான மகள் இறந்த தாயைச் சார்ந்திருந்ததாகக் கூற முடியாது என்பதாலும், பல ஆண்டுகள் கடந்துவிட்டதாலும் உச்ச நீதிமன்றம் கோரிக்கையை நிராகரித்தது. 2021-ஆம் ஆண்டு கர்நாடக வழக்கு ஒன்றில், தாய் 2012-இல் இறந்த பிறகு 2013-இல் விவாகரத்து பெற்ற மகளின் கோரிக்கையும் ஏற்கப்படவில்லை. தாய் இறந்த நாளில் நிலவிய குடும்பச் சூழலையே நீதிமன்றம் கணக்கில் கொண்டது.

இரண்டாவது மனைவியின் பிள்ளைகள் விவகாரத்தில், அவர்களுக்குச் சாதகமாகவே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துள்ளது. ரயில்வே தொடர்பான வழக்குகளில் 2018-ஆம் ஆண்டும் 2022-ஆம் ஆண்டும் வெளியான தீர்ப்புகளின்படி, இரண்டாவது திருமணத்தில் பிறந்தவர் என்ற ஒரே காரணத்துக்காக விண்ணப்பத்தை நிராகரிக்கக்கூடாது. பிறப்பைக் காட்டி வேலையை உரிமையாகக் கோர முடியாது என்று கூறும் அதே 16-ஆவது பிரிவுதான், பிறப்பைக் காட்டி மறுப்பதையும் தடுக்கிறது.

எந்த நாளின் விதி பொருந்தும்?

ஊழியர் இறந்த பிறகு விதிகள் மாறினால் எது பொருந்தும் என்பதில் தீர்ப்புகள் ஒரே திசையில் அமையவில்லை. விண்ணப்பம் பரிசீலிக்கப்படும் நாளில் நடைமுறையில் உள்ள விதியே பொருந்தும் என 2020-இல் கர்நாடகம் தொடர்பான வழக்கில் 3 நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. ஊழியர் இறந்த நாளில் இருந்த கொள்கையே பொருந்தும் என 2021-இல் மத்தியப் பிரதேசம் தொடர்பான வழக்கில் 2 நீதிபதிகள் அமர்வு கூறியது. விதி மாற்றத்துக்கு இடையில் சிக்கிக்கொள்ளும் குடும்பங்களின் வழக்குகள் நீள்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

நீதிமன்றம் என்ன செய்ய முடியும்?

விதிகளை மீறி, அனுதாபத்தின் பேரில் மட்டும் வேலை வழங்குமாறு நீதிமன்றங்கள் உத்தரவிட முடியாது என்று எல்ஐசி தொடர்பான வழக்கில் 1994-இல் உச்ச நீதிமன்றம் தெரிவித்தது. நிராகரிப்பு தவறு என்று கண்டறிந்தாலும், பெரும்பாலும் விண்ணப்பத்தை மறுபரிசீலனை செய்யவே உத்தரவிடப்படுகிறது. மத்திய அரசுப் பணி தொடர்பான புகார்களை மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் எழுப்பலாம். பொதுவாக, நிராகரிப்பு ஆணை வெளியான ஓர் ஆண்டுக்குள் அணுக வேண்டும்.

வழக்கு எவ்வளவு நீளலாம் என்பதற்குப் பொதுத்துறை வங்கி ஒன்று தொடர்பான வழக்கு உதாரணம். ஓய்வுபெறச் சில மாதங்களே இருந்த ஊழியர் 2001-இல் இறந்தார். மகன் உடனடியாக விண்ணப்பித்தும் வங்கி மறுத்தது. கேரள உயர் நீதிமன்றம் மகனுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. ஆனால், அன்றாட வாழ்க்கையையே நடத்த முடியாத நிலையில் குடும்பம் இருந்ததாகத் தெரியவில்லை எனக் கூறி 2025 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. ஒரே தவணையாக 2.5 லட்சம் ரூபாய் வழங்க மட்டும் உத்தரவிட்டது. தொடங்கி 20 ஆண்டுகளுக்கும் மேலாகிவிட்ட போராட்டம் அத்துடன் முடிந்தது.

வேலை கிடைத்த பிறகு

நியமனம் பெறுபவர், இறந்தவரைச் சார்ந்திருந்த பிற குடும்ப உறுப்பினர்களைப் பராமரிப்பதாக எழுத்துப்பூர்வ உறுதிமொழி அளிக்க வேண்டும். வயதான தாயையோ உடன்பிறந்தோரையோ அவர் கைவிட்டது உறுதியானால், பணியை ரத்து செய்யவும் விதிகள் இடமளிக்கின்றன. வேலை ஒருவரின் பெயரில் வழங்கப்பட்டாலும் அது முழுக் குடும்பத்துக்குமான உதவி என்பதே இதன் பொருள்.

ஒரு பணியிடத்தை ஏற்றுக்கொண்ட பிறகு, கூடுதல் கல்வித் தகுதியைக் காட்டி உயர் பதவியைக் கருணை அடிப்படையில் மீண்டும் கோர முடியாது என்று ராஜஸ்தான் வழக்கில் 1994-ஆம் ஆண்டே தீர்மானிக்கப்பட்டது. இறந்தவர் வகித்ததைவிட உயர்ந்த பதவியைக் கோர முடியாது என 2021-இல் உத்தரப் பிரதேச வழக்கிலும் தீர்ப்பளிக்கப்பட்டது.

குடும்பத்தினர் கவனிக்க வேண்டியவை

- ஊழியர் இறந்ததும், அவரது அலுவலகத்துக்கு எந்த விதிகள் பொருந்தும், கால வரம்பு என்ன என்பதை எழுத்துப்பூர்வமாகக் கேட்டறிய வேண்டும். மத்திய அரசுத் துறைகளில் நல அலுவலர் குடும்பத்தினரைச் சந்தித்து வழிகாட்ட வேண்டும் என்பது விதி.

- பிள்ளைகள் சிறுவர்களாக இருந்தால், அவர்கள் வளரும்வரை காத்திருப்பதைவிட, மனைவியோ கணவரோ விண்ணப்பிப்பது குறித்து உடனே முடிவெடுப்பது பாதுகாப்பானது.

- சொத்து, கடன், வருமானம், சார்ந்திருப்போர் விவரங்களை மறைக்காமல் ஆதாரங்களுடன் அளிக்க வேண்டும். குழு மதிப்பிடுவது இவற்றையே.

- விண்ணப்பித்ததற்கான ஒப்புகையையும் நிராகரிப்பு ஆணையையும் பாதுகாக்க வேண்டும். காரணம் கூறாமல் நிராகரித்தால், காரணத்தை எழுத்தில் கோரலாம்.

- வேலை கிடைக்கும் என்ற எதிர்பார்ப்பில் குடும்ப ஓய்வூதியம், பணிக்கொடை ஆகியவற்றுக்கான விண்ணப்பங்களைத் தள்ளிப்போடக்கூடாது.

இறந்தவரின் இருக்கையைக் குடும்பத்துக்கு எழுதிவைக்கச் சட்டம் முன்வரவில்லை. சம்பாதித்தவர் மறைந்த வீட்டில் அடுப்பெரிய வேண்டும் என்ற அளவிலேயே அதன் கருணை நிற்கிறது. அந்தத் தேவையை உரிய காலத்தில், உரிய ஆதாரங்களுடன் எடுத்துவைக்கும் குடும்பங்களுக்கே இந்த விதிகள் பயன் தருகின்றன.